வீடாக வந்த கப்பல்

செவ்வாய்க்கிழமை
கப்பல் கொட்டகை

அன்புள்ள சுண்டுவுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. நான், அப்பா, அக்கா, அக்கா குழந்தை எல்லாரும் நலம். நீ நலமா என்று கேட்கத்தான் ஒரு மாதிரியாக இருக்கிறது. தூர தேசம் போனவர்களுக்குக் கடிதம் எழுதுவார்கள். கூப்பிடுகிற தூரத்தில் இருக்கும் பெண்ணுக்கு உட்கார்ந்து கடிதம் எழுதுகிற முதல் அம்மா நானாகத்தான் இருப்பேன்.

கூப்பிட்டுப் பார்க்காமல் இல்லை. பேருந்து நிலையத்தில் இத்தனை வருஷம் மைக் முன்னால் உட்கார்ந்து, வண்டி கிளம்பப் போகிறது, பையை மறக்காதீர்கள் என்று கத்தியவளுக்குக் குரலில் என்ன குறைச்சல். இங்கேயும் ஒரு மைக்கைக் கையில் கொடுத்தார்கள். நான் உன் பெயரைச் சொன்ன சொல்லில் கூரைமேல் இருந்த புறாவெல்லாம் பறந்துவிட்டன. உள்ளே மட்டும் சத்தம் போகவில்லையாம். காகிதம்தான் போகிறது, உள்ளே இருந்து எதுவும் வெளியே வருவதில்லை என்றார்கள். சரி, பேசினால்தான் உனக்குக் காது வலிக்கும், எழுதினால் என்ன என்று உட்கார்ந்துவிட்டேன்.

முதலில் நீ எங்கே இருக்கிறாய் என்று சொல்கிறேன். உனக்கே தெரியுமோ தெரியாதோ. நீங்கள் ஐந்து பேரும் திரும்பி வந்துவிட்டீர்கள். நீங்கள் போன அந்த வேறு பரிமாணத்தில் இல்லை, நம் பக்கம்தான் இருக்கிறீர்கள், கிளம்பிய அதே கொட்டகையில். கப்பல் வருகிறது என்று எங்களுக்கெல்லாம் சொல்லி அனுப்பினார்கள். நானும் அப்பாவும் போட்டது போட்டபடி ஓடி வந்தோம். வந்து பார்த்தால் கப்பல் நிற்க வேண்டிய இடத்தில், இரண்டு தண்டவாளத்துக்கும் நடுவே, நம் வீடு நிற்கிறது.

ஆமாம், நாம் குடியிருக்கிற வீடுதான். நீல வெளிச்சுவர், மூன்று படி, மரக்கதவு, கதவில் கடிதம் போடுகிற துளை, கம்பி போட்ட சமையலறை ஜன்னல் எல்லாம் இருக்கிறது. தெரு மட்டும்தான் இல்லை. படி இறங்கினால் சிமெண்ட் தளம். கழிவுநீர்க் குழாய் சுவரோடு இறங்கி அப்படியே அந்தரத்தில் நிற்கிறது. உன் அப்பா சட்டைப் பையைத் தடவிச் சாவியை எடுத்துக்கொண்டு படி ஏறிவிட்டார். அங்கே நின்றிருந்த காவலாளி சிரிப்பதா தடுப்பதா என்று தெரியாமல் முழித்தார். சாவி நுழையவில்லை. துளை மாதிரி ஒரு கறுப்புப் பொட்டு இருக்கிறதே தவிர, துளை இல்லை.

தலைமைப் பொறியாளர் வந்து எங்களை உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னார். நான் அவருக்குத் தாடை என்று பெயர் வைத்திருக்கிறேன். கேள்வி கேட்டால் முதலில் தாடையைத் தடவிவிட்டுத்தான் பதில் சொல்வார். நீ வேலைக்குச் சேர்ந்தபோது இதையெல்லாம் என்னிடம் சொல்லியிருக்கிறாய், நான்தான் பாதியைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஒவ்வொரு பரிமாணமும் தனக்குத் தெரிந்த உருவத்தைத்தான் உள்ளே விடும், அதனால் போகிற பக்கத்துக்குத் தக்கபடி கப்பல் உருமாறும், திரும்பி வரும்போது மறுபடி கப்பலாக வேண்டும் என்றார். அந்தக் கப்பல் உருவத்தைக் கடக்கிற நேரம் முழுக்க மனதில் பிடித்துக்கொண்டிருப்பதுதான் உன் வேலை. பிடி நழுவினால், மனதில் வேறு எது இருக்கிறதோ அதுவாகக் கப்பல் ஆகிவிடும். உன் மனதில் வீடு வந்துவிட்டது, அவ்வளவுதான் நடந்தது.

உன்னை நன்றாகத் திட்டி எழுதலாம் என்றுதான் பேனாவை எடுத்தேன். இத்தனை படித்து, இத்தனை பயிற்சி எடுத்து, நாலு பேர் உயிரையும் கையில் வைத்துக்கொண்டு நினைக்கிற நேரமா அது என்று. ஆனால் திட்டு வரவில்லை. நீ அங்கே போய் எங்களை மறந்திருப்பாய் என்று நான் அப்பாவிடம் எத்தனை தடவை புலம்பியிருக்கிறேன் தெரியுமா. சந்தோஷப்படக் கூடாத இடத்தில் எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது.

கதவு ஏன் திறக்கவில்லை என்று கேட்டேன். தாடை தடவிக்கொண்டே சொன்னார். நீ வீட்டுக்கு வந்து கதவு முன்னால் நிற்பதாக நினைத்திருக்கிறாய். கதவு திறப்பதை நினைப்பதற்குள் கடந்து முடிந்துவிட்டது. அதனால் மூடிய கதவாகவே நின்றுவிட்டதாம். கடிதத் துளை மட்டும் நிஜம். சின்ன வயதில் அதற்குள் கையை விட்டு மாட்டிக்கொண்டு தெருவையே கூட்டினாயே, அதன் உள்பக்கம் வெளிப்பக்கம் இரண்டும் உன் கைக்குத் தெரியும். பக்கத்து வீட்டோடு ஒட்டியிருக்கிற பின்சுவர் இங்கே இல்லவே இல்லை, நீ அதைப் பார்த்ததில்லை அல்லவா. அந்த இடத்தில் வழவழவென்று கப்பல் உடம்பு தெரிகிறது. அங்கே துளை போட்டுப் பார்த்தார்கள், போடப் போட மூடிக்கொள்கிறது. கருவியில் உங்கள் ஐந்து பேரின் மூச்சும் கோடு கோடாகத் தெரிகிறது. துளை போடும்போது அந்தக் கோடெல்லாம் துள்ளியதும் நிறுத்திவிட்டார்கள். வேறு வழி பார்க்கிறோம் என்கிறார்கள்.

தைரியம் சொல்லி எழுதுங்கள் என்றார் தாடை. எனக்குத் தைரியம் சொல்லத் தெரியாது, நடந்ததைச் சொல்லத்தான் தெரியும். நீ வைத்திருக்கிற வீடு பழசு. வெளிச்சுவர் இப்போது நீலம் இல்லை, மஞ்சள். உன் அப்பா தானே கலக்குகிறேன் என்று கலக்கி, மாத்திரை டப்பா நிறத்தில் கொண்டுவந்து நிறுத்தினார். உடைந்த இரண்டாம் படியைக் கொத்தனார் வந்து பூசிவிட்டார். ஜன்னலில் கட்டம் போட்ட திரை கிழிந்து துடைக்கிற துணியாகிவிட்டது, இப்போது பச்சைத் திரை. உன் அத்தான் அழைப்பு மணி வாங்கி மாட்டியிருக்கிறார். அழுத்தினால் குருவி கத்தும், எனக்கு எரிச்சலாக வரும். வந்து பார்.

கப்பல் ஓட்டுகிறவரின் வீட்டுக்காரி இங்கேதான் என் பக்கத்து நாற்காலியில் இருக்கிறாள். நல்ல பெண், என்னை அக்கா என்று கூப்பிடுகிறாள். அவள் கேட்டதாக அவரிடம் சொல். உன்னோடு இருக்கிற நாலு பேரையும் நான் கேட்டதாகச் சொல். பயப்படாதே. சீக்கிரம் வா.

இப்படிக்கு,
உன் அம்மா


வெள்ளிக்கிழமை

என் தங்கமே சுண்டு,

நீ படிக்கிறாய். என் கடிதம் உன் கைக்கு வருகிறது. இதை எழுதும்போது எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

காலையில் நான் டீ குடித்துக்கொண்டிருந்தேன். ஓட்டுநர் வீட்டுக்காரி என் தோளைப் பிடித்து உலுக்கி, "அக்கா, சுவரைப் பாருங்க, சுவரைப் பாருங்க" என்றாள். கீழே இருந்து மேலே மஞ்சள் ஏறிக்கொண்டிருந்தது. அதே மாத்திரை டப்பா மஞ்சள். அப்புறம் இரண்டாம் படி தானாகப் பூசிக்கொண்டது. திரை பச்சையானது. உன் அப்பா ஓடிப்போய்க் கதவோரம் பார்க்கிறார், மணி இருக்கிறது. அழுத்தினார். குருவி கத்தியது. அந்தச் சனியன் பிடித்த சத்தத்தைக் கேட்டு நான் அழுவேன் என்று யாராவது சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டேன். கொட்டகையே சிரித்தது. அந்தப் பெண் என்னைக் கட்டிக்கொண்டு விடவே இல்லை. எனக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது.

தாடை வந்து சுவரைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். எழுதுவது உள்ளே இருக்கிற பெண்ணுக்குப் போகிறது, அது கப்பலில் தெரிகிறது, நல்ல அறிகுறி என்றார். நான் ஒரு யோசனை சொன்னேன். வெளியில் இருந்து நினைத்ததால்தானே கதவு மூடியிருக்கிறது. உள்ளே எப்படி இருக்கிறது என்று நான் அறை அறையாக எழுதினால், அவளுக்கு வீட்டுக்குள்ளே இருக்கிற மாதிரி ஆகும், உள்ளே இருந்து தாழ்ப்பாளை நீக்கிவிடுவாள் இல்லையா என்றேன். அவர் வெகுநேரம் தாடையைத் தடவினார். "செஞ்சு பாக்கலாம்மா, எழுதுங்க" என்றார். பொறியாளர் ஒருவர் என் யோசனையைக் கேட்டுத் தலையாட்டியது எனக்குப் பெருமையாக இருந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன். அப்பா என்னைப் பார்த்து, இனி இவளைக் கையில் பிடிக்க முடியாது என்று முணுமுணுத்தார்.

சரி, கேட்டுக்கொள். கதவைத் திறந்தால் வலது பக்கம் செருப்புத் தட்டு. அதில் உன் பழைய நீலச் செருப்பு இன்னும் இருக்கிறது, வார் அறுந்தது, தூக்கிப் போட அப்பா விடவில்லை. அதைத் தாண்டினால் முன்னறை. நாற்காலி மூன்று, அதில் ஒன்று ஆடும், வருகிறவர்களுக்கு எப்போதும் அதுதான் கிடைக்கும். சுவரில் புதிதாக ஓர் அலமாரி. கீழே இரண்டு தட்டு கதவு போட்டது, மேலே மூன்று தட்டு திறந்தது. ஆசாரி அளவெடுத்ததில் கொஞ்சம் கோணல், கதவு தானாகத் திறந்துகொள்ளும், காகிதத்தை மடித்துச் செருகி வைத்திருக்கிறேன்.

சமையலறையில் குழாய் சொட்டுவது நிற்கவே இல்லை. அதன் வாயில் ஒரு நூலைக் கட்டிவிட்டேன், சத்தம் வராமல் நூல் வழியாகத் தண்ணீர் இறங்கும். அடுப்புக்கு மேலே கரி படிந்த இடம் உன் உயரம் வரைக்கும் வந்துவிட்டது. பெரிய தகர டின் இரண்டு மேல்தட்டில், சின்ன டின் ஆறு கீழே. ரொட்டி வைக்கிற டப்பாவின் மூடி போன வாரம்தான் கிடைத்தது, கட்டிலுக்கு அடியில் இருந்தது, எப்படிப் போனது என்று கேட்காதே, உன் அக்கா குழந்தையைத்தான் கேட்க வேண்டும்.

உன் அறையை நாங்கள் தொடவில்லை. கட்டில் ஜன்னல் பக்கமே இருக்கிறது. தலையணை உறை மட்டும் மாற்றினேன். மேசை இழுப்பறை இழுத்தால் பாதியில் நிற்கும், தூக்கி இழுக்க வேண்டும், மறந்திருக்க மாட்டாய். சுவரில் குழந்தை பென்சிலால் ஒரு மீன் கிறுக்கியிருக்கிறது. சித்தி வந்து திட்டுவாள் என்று பயம் காட்டி வைத்திருக்கிறோம்.

எல்லாவற்றையும் எழுதிவிட்டேன். இனி கதவுக்கு வா. தாழ்ப்பாள் மேலே ஒன்று, நடுவில் ஒன்று. நடுவில் இருப்பது இறுக்கம், தோளால் கதவை அழுத்திக்கொண்டு இழு. நாங்கள் படியிலேயே நிற்கிறோம். வா, கண்ணு.

இப்படிக்கு,
அவசரத்தோடு அம்மா


திங்கட்கிழமை

சுண்டு,

நலம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை. இதை நிதானமாகப் படி. படித்ததும் உடனே எதையும் நினைத்துவிடாதே.

நான் எழுதியதெல்லாம் உள்ளே வந்துவிட்டது என்று கருவியில் தெரிகிறது. அலமாரி, டின், கட்டில், மேசை எல்லாம். அவையெல்லாம் எங்கிருந்து வந்தன என்று நான் ஒரு நிமிஷம் யோசித்தேனா? வெளியில் இருந்து எதுவும் உள்ளே போகவில்லை. கப்பலுக்கு இருக்கிற உடம்பு அவ்வளவுதான். ஒன்று வர வேண்டும் என்றால் அந்த உடம்பிலேயே இன்னொன்று போக வேண்டும். காற்று தயாரிக்கிற இயந்திரம் போய்க்கொண்டிருக்கிறது. இன்று காலை தாடை என்னைத் தனியாகக் கூப்பிட்டுக் காட்டினார். உங்கள் ஐந்து பேருக்கும் இருக்கிற காற்றின் கோடு, என் கடிதம் உள்ளே போன நேரத்தில் இருந்து இறங்கியிருக்கிறது. அலமாரிக்கு ஓர் இறக்கம், கட்டிலுக்கு ஓர் இறக்கம். என் கையாலேயே எழுதி எழுதி உங்கள் மூச்சைக் குறைத்திருக்கிறேன்.

அவரைத்தான் பிடித்துக் கத்தினேன். நீங்கள்தானே எழுதச் சொன்னீர்கள், படித்தவர்தானே, இது தெரியாதா என்று. அவர் தடவுகிற கையை எடுத்துவிட்டு, "தப்புதாம்மா. எனக்கும் தெரியல. இப்படி ஒரு கப்பல் இதுக்கு முன்னாடி வந்ததில்ல" என்றார். தெரியும் என்று சாதித்தால் சண்டை போடலாம். தெரியவில்லை என்று கை விரிக்கிறவரை என்ன செய்வது. என் கோபம் போக இடமில்லாமல் எனக்குள்ளேயே நின்றுவிட்டது.

ஓட்டுநர் வீட்டுக்காரி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் நின்றாள். நாற்காலியைக் கொஞ்சம் தள்ளிப் போட்டுக்கொண்டாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன்.

இனி வீட்டைத் திறக்க முடியாது என்று சொல்லிவிட்டார்கள். இறங்குகிற கதவு கப்பல் உருவத்தில்தான் உண்டு. முழு உருவத்தையும் மாற்ற வேண்டும் என்றால் கடக்கிறபோதுதான் முடியும். அதனால் நீ இந்த வீட்டை அடியோடு விட்டுவிட வேண்டுமாம். விட்டால் உருவம் இல்லாத கப்பலை நம் பக்கம் வைத்துக்கொள்ளாது, அந்தப் பக்கம் தள்ளிவிடும். அங்கே கப்பல் அந்தப் பக்கத்துக்குரிய உருவத்துக்கு மாறும்போது காற்று இயந்திரமும் பழையபடி ஆகிவிடும். அதற்கப்புறம் கப்பலை நினைத்துக்கொண்டு மறுபடி கடந்து வர வேண்டும். வருவார்களா என்று கேட்டேன். தாடையைத் தடவிக்கொண்டே இருந்தார்.

வீடு எரிந்துபோய்விட்டது என்று பொய்யாக எழுதிவிடலாமா என்று பார்த்தேன். எழுதியும் விட்டேன். அப்பா வாங்கிப் படித்துக் கிழித்துப் போட்டார். "அவ நம்ப மாட்டா. நம்பினா அதைவிட மோசம், கப்பல் எரிஞ்ச வீடா ஆயிடும்" என்றார். வாயே திறக்காத மனுஷன், திறந்தால் இப்படித்தான் ஒன்று சொல்வார்.

அதனால் உள்ளதைச் சொல்லிக் கேட்கிறேன். வீட்டை நினைக்காதே. இதை எழுதும்போதே வீடு என்று எழுத வேண்டியிருக்கிறது, நான் என்ன செய்வேன். அலமாரி வேண்டாம், கட்டில் வேண்டாம், நான் சொன்னது எதுவும் வேண்டாம். விட்டுவிடு, கண்ணு. உன்னைக் கெஞ்சிக் கேட்கிறேன்.

இப்படிக்கு,
அம்மா


ஞாயிற்றுக்கிழமை

கப்பலின் உருவம் பிடிப்பவருக்கு,

வணக்கம். இப்படித்தான் தொடங்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார்கள். வீட்டுப் பெயரைச் சொல்லிக் கூப்பிடக் கூடாதாம், கூப்பிட்டால் உனக்கு வீட்டு நினைவு வருமாம். ஒரு வரி எழுதிப் பார்த்துவிட்டேன், என்னால் முடியவில்லை, சுண்டு. யாரோ ஒருவருக்கு எழுதுவது போல எழுதினால் கை நகர மாட்டேன் என்கிறது.

என் போன கடிதத்தைப் படித்துவிட்டு நீ விடப் பார்த்தாய். நாங்கள் பார்த்தோம். மறுநாள் மதியம் சுவரில் நிறம் போனது. படியெல்லாம் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டது. கூரை தளர்ந்து, உள்ளே இருக்கிற கப்பல் உடம்பு சாம்பல் நிறத்தில் தெரிந்தது. எல்லாரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றோம். அப்புறம் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்துவிட்டது. கடைசியில் குருவி மணியும் வந்து ஒட்டிக்கொண்டது. நீ எவ்வளவு பாடுபட்டிருப்பாய் என்று எனக்குத் தெரியும். உன்மேல் எனக்கு ஒரு துளி வருத்தமும் இல்லை.

திரும்பி வர ஓர் இடம் இருக்கிறது என்று தெரிகிறவரை அவளால் அதை விட முடியாது என்றார் தாடை. நான் அவரோடு மறுபடி சண்டைக்குப் போனேன். உன் அப்பா சண்டைக்கு வரவில்லை. எழுந்து போய்விட்டார். நான் பின்னாலேயே நம் வீட்டுக்குப் போய்ப் பார்த்தபோது ஸ்டூல் மேல் ஏறி அலமாரியைக் கழற்றிக்கொண்டிருந்தார். என்ன செய்கிறீர்கள் என்று கேட்டேன். பொய் சொல்லாமல் எழுத வேண்டும் என்றால் இதுதான் வழி என்றார்.

வீட்டைக் காலி செய்துவிட்டோம். வாடகைக்கு விட்டவர் ஓடி வந்து, "இத்தனை வருஷம் இருந்துட்டு இப்படிப் பொசுக்குனு போறீங்களே, நான் ஏதாவது தப்பா பேசிட்டேனா" என்று கேட்டார். பாவம், அவருக்கு என்ன பதில் சொல்வது. அக்கா வந்து அழுதாள். உன் சாமானை அவளே தனியாகக் கட்டினாள், என்னைத் தொட விடவில்லை. சாவியை அப்பா கொடுத்தார். அடுத்த வாரம் வேறு குடும்பம் வருகிறது. அவர்கள் நல்லபடியாக இருக்கட்டும்.

காலியான பிறகு உள்ளே எப்படி இருந்தது என்று எழுத மாட்டேன். எழுதினால் அதையும் அப்படியே செய்து வைத்துவிடுவாய். நாங்கள் இப்போது இருக்கிற இடத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை கிடையாது. எதைப் பார்த்தாலும் உனக்குச் சொல்லியே பழகிவிட்ட எனக்கு இதைவிடப் பெரிய தண்டனை இல்லை. வாய்வரை வருகிறதை விழுங்கிவிட்டு எழுதுகிறேன். இருக்கிறோம், நலமாக இருக்கிறோம். அது போதும் உனக்கு.

ஓட்டுநர் வீட்டுக்காரி நேற்று நாற்காலியைப் பழைய இடத்துக்கே இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள். வீட்டைக் காலி செய்தது அவளுக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள். "எங்க வீட்டுக்காரருக்கு நான் எதுவும் எழுதல அக்கா. உங்க பொண்ணு மனசுலதான் இப்ப எல்லாரும் இருக்காங்க. நீங்களே எழுதுங்க" என்றாள். கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் கை சில்லென்று இருந்தது.

இப்போது வேறு ஒன்று சொல்கிறேன். தாடையிடம் உங்கள் கப்பலைக் கேட்டேன். நான் அதை ஒரு நாளும் ஒழுங்காகப் பார்த்ததில்லை. உன்னை வழியனுப்ப வந்த அன்றுகூட உன் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அதைப் பார்த்து மரத்தில் செய்த சின்னக் கப்பல் ஒன்றைக் கொண்டுவந்து மடியில் வைத்தார். என் முழங்கை நீளம் இருக்கும். நாளெல்லாம் அதை மடியில் வைத்துத் தடவிக்கொண்டிருக்கிறேன். இப்போது கண்ணை மூடினாலும் என் கைக்குத் தெரிகிறது. உனக்குச் சொல்கிறேன், கூடவே வா.

மூக்கு மழுங்கலாக இருக்கிறது, கரைந்துபோன சோப்புக்கட்டி மாதிரி. அங்கிருந்து கையைப் பின்னால் கொண்டு போனால் முதுகு மெல்ல உயர்கிறது. நடுமுதுகில் ஒரு நீளமான வரப்பு, வால் வரைக்கும் ஓடுகிறது. வரப்பின் இரண்டு பக்கமும் விலா எலும்புகள், வெளியே தெரியாது, அழுத்தினால் தட்டுப்படும். இடது பக்கம், விலா முடிகிற இடத்தில் இறங்குகிற கதவு. வட்டம் இல்லை, முட்டை வடிவம். அதன் கைப்பிடியைக் கீழே அழுத்தி உன் பக்கமாக இழுக்க வேண்டும். அடிவயிற்றில் பெரிதாக ஒரு புடைப்பு, அதற்குள்தான் காற்று இயந்திரம். அந்த வயிறு பெரிதாகவே இருக்கட்டும், அதில் மட்டும் கஞ்சத்தனம் பண்ணாதே. வால் சட்டென்று குறுகி இரண்டாகப் பிரிகிறது. பார்க்கிறதற்கு அழகே இல்லை, அவலட்சணம் என்றுதான் சொல்வேன். ஆனால் பலமான கப்பல். எல்லாம் அந்தந்த இடத்தில் இருக்கிறது. இதைப் படிக்கிறபோது உன் கையையும் அப்படியே கொண்டு போ. மூக்கு, முதுகு, வரப்பு, விலா, கதவு, வயிறு, வால். மறுபடி மூக்கிலிருந்து தொடங்கு.

நீ போனதும் கொட்டகையில் இந்த இடம் வெறுமையாகிவிடும் என்று தாடை முன்கூட்டியே எங்களிடம் சொல்லிவிட்டார், பார்க்க முடியாவிட்டால் வெளியே இருங்கள் என்றார். நாங்கள் வெளியே போகவில்லை. அப்பாவுக்கு எழுத வராது. என்ன எழுதட்டும் என்று கேட்டால், கப்பலைப் பற்றி இன்னொரு தடவை எழுது என்கிறார். அவர் சொன்னதற்காக எழுதுகிறேன். மூக்கு, முதுகு, வரப்பு, விலா, கதவு, வயிறு, வால்.

வீடு இல்லை, சுண்டு. நீ பிடித்துக்கொண்டிருக்கிற வீட்டில் இப்போது நாங்கள் யாரும் இல்லை. அதை விட்டுவிடு. என் முகம், அப்பா முகம், அக்கா குழந்தையின் முகம் எதுவும் உன் மனதில் வரக் கூடாது. வந்தாலும் நிற்க விடாதே. மறந்துவிட்டோமே என்று உள்ளே குற்ற உணர்ச்சி வேண்டாம். நீ எங்களை நினைக்க வேண்டாம். நினைக்கிற வேலையை எல்லாம் உனக்கும் சேர்த்து நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

நல்லபடியாகப் போ.

இப்படிக்கு,
அம்மா